அமெரிக்கத் துரையும் வாபஸ் படிவமும்

நவ. 19, புதன்

மழை இல்லை. ஆனாலும் அடுக்களையில் கணுக்கால் அளவு தண்ணீர். வேலியேற்றம். அமாவாசை நெருங்கினால் கடல் நம் வீட்டுக்கு விருந்து வரும். கடல்தண்ணீர் வாய்க்காலில் ஏறாமல் அடைக்கும் தோட்டு ஷட்டர் பழுதாகி மூன்று வருஷம், யாருக்கும் தடை சொல்லாமல் திறந்தே கிடக்கிறது. செங்கல் மேல் கேஸ் சிலிண்டர், மேசை மேல் அரிசி டின், ஸ்டூல் மேல் நான். பாக்கியம் புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு தண்ணீரில் நின்றே தோசை ஊற்றினாள்.

"உப்பு வேண்டாம், தட்டைக் கீழே ஒரு முக்கு முக்கினா மதி, அதுவே போதும்," என்றேன்.

சிரிக்கவில்லை. கல்யாணமாகி இருபத்தாறு வருஷமாக என் தமாஷை இலவசமாகக் கேட்கிறவள். கட்டாயம் ஏதுமில்லை.

இன்றைய வேலை:
1. கடை. (ஜெராக்ஸ், டிடிபி, எல்லா அரசாங்கப் படிவமும் பூர்த்தி செய்து தரப்படும்.)
2. பா.வின் வேட்புமனு.
3. அ.து., இரண்டாம் அத்தியாயம்.

பா. என்பது பாக்கியம். கார்ப்பரேஷன் தேர்தலில் எங்கள் வார்டு இந்தத் தடவை பெண்களுக்கு. சுயேச்சையாக நிற்கிறாள். கொள்கை, கோட்பாடு ஒன்றும் கிடையாது. ஷட்டர். முன்மொழிகிறவர் நான். அயல்கூட்டம் என்கிற தெருச் சுயஉதவிக் குழுப் பெண்கள் பதினாறு பேர் கூட வந்தார்கள், பதினேழாவதாக நான் வெயிலுக்குக் குடை பிடித்துக்கொண்டு.

அ.து. என்பது அமெரிக்கத் துரை. மதுரையில் ஒரு பதிப்பகம், 'அதிகம் அறியப்படாதவர்கள்' என்று சின்னச் சின்னப் புத்தகம் போடுகிறார்கள். நல்ல ஆட்களையெல்லாம் மற்றவர்கள் எடுத்துக்கொண்டு போக எனக்கு மிஞ்சியது நூற்றைம்பது வருஷத்துக்கு முந்தைய ஒரு வக்கீல். அரசியல்வாதியும்கூட. அவர் ஊரிலேயே அவரை யாருக்கும் தெரியாது என்று நினைக்கிறேன். முழுப்பெயர் எழுதினால் அரை வரி போய்விடும், அதனால் துரை. அறுபது பக்கம், நகைச்சுவையாக, மாதக் கடைசிக்குள். ஆதாரம் பேரன் எழுதிய ஒரே ஒரு பழைய ஆங்கிலப் புத்தகம். பேரன்கள் தாத்தாவைப் பற்றி எழுதினால் எப்படி இருக்குமோ அப்படி.

பா.வுக்கு மலையாளம்தான் வாசிக்க வரும். தமிழ் பேசுவாள், கூட்டிக் கூட்டித்தான் படிப்பாள். அவளுக்கு நான் எழுதும் பிரசங்கமெல்லாம் தமிழ், ஆனால் மலையாள எழுத்தில். துரை கதையை நானே வாசித்துக் காட்டுகிறேன், அவள் வேலை செய்துகொண்டே கேட்கிறாள்.

மனு கொடுத்தாயிற்று. கைவிரலெல்லாம் மை.

நவ. 20, வியாழன்

அமாவாசை. தண்ணீர் முழங்காலுக்கு ஒரு சாண் கீழே. கால்விரல் இடுக்கில் புண். களிம்பு தீர்ந்துவிட்டது.

துரை வக்கீலானது. அப்பா பீப்பாய் செய்கிறவர். பையன் பகலில் பலகை இழைத்துவிட்டு, குதிரை லாயத்தில் உட்கார்ந்து ஒரு நீதிபதியிடம் இரவல் வாங்கிய மூன்றே மூன்று சட்டப் புத்தகங்களைப் படித்தான். பரீட்சை என்பது அந்த நீதிபதியோடு ஆற்றங்கரையில் ஒரு நடை. மூன்று கேள்வி. இரண்டுக்குப் பதில் தெரிந்தது, மூன்றாவதுக்கு "தெரியாது, பார்த்துச் சொல்கிறேன்" என்றாராம். நீதிபதி கை குலுக்கி, "இனி நீ வக்கீல்" என்றுவிட்டு இரவுச் சாப்பாடும் வாங்கிக் கொடுத்தார்.

அந்தக் காலத்தில் நீதிபதியும் வக்கீல்களும் ஒன்றாகக் குதிரையேறி ஊர் ஊராகப் போய் வழக்கு நடத்துவார்கள். பகலில் ஒரு பன்றிக்குட்டிக்காகத் தொண்டை கிழியக் கத்திய இரண்டு வக்கீல்களும் சத்திரத்தில் ஒரே கட்டிலில் படுப்பார்கள். கட்டில் பற்றாக்குறை.

பா. கேட்டாள், "பன்னிக்குட்டி யாருக்குக் கிடைச்சுது?"

"நீதிபதி வெட்டிச் சாப்பிட்டிருப்பார்."

"புத்தகத்துல அப்படியா இருக்கு?"

இல்லை என்று ஒப்புக்கொண்டேன்.

கடையில் வம்பு: நம் வார்டில் நிற்கும் நாலு பேரும் என்னிடம்தான் படிவம் பூர்த்தி செய்தார்கள். வயதைச் சொல்லும்போது நாலு பேரும் குரலைத் தாழ்த்தினார்கள். பெரிய கட்சியின் வேட்பாளர் வார்டு செயலாளர் சசியின் அண்ணி. நல்ல பெண்மணி, தான் எந்த வார்டு என்பதை மட்டும் சசியிடம் கேட்டுச் சொன்னார்.

மதியம் முருகேசன் மச்சான். பா.வின் அண்ணன். கார்ப்பரேஷனில் துப்புரவு வேலை, பதினொரு வருஷமாகத் தற்காலிகம். உட்காரவில்லை.

"மாப்ள, அவளுக்கு எதுக்கு இது? சசி என்னைப் பார்த்தா முகத்தைத் திருப்புறான். நாளைக்கு ஆளெடுக்கறப்ப என் பேர் இருக்குமா?"

"நான் சொல்றேன் மச்சான்."

யாரிடம், என்ன சொல்வேன் என்று அவரும் கேட்கவில்லை, நானும் யோசிக்கவில்லை. இந்த 'நான் சொல்றேன்' வாயில் எப்போதும் தயாராக இருக்கிறது, வெற்றிலை மாதிரி.

நவ. 21, வெள்ளி

துலாவர்ஷம், அதாவது வடகிழக்குப் பருவமழை. மூன்று மணிக்கு இடி. கரண்ட் போய்விட்டது, பேனாவில் எழுதுகிறேன்.

துரை எட்டு வருஷம் மாநிலச் சட்டசபையில். பேசியதெல்லாம் ஒரே ஒரு கால்வாய் பற்றி. கால்வாய் வந்தது. அவர் ஊருக்கு இருபது மைல் தள்ளி நின்றுபோனது. அடுத்த தேர்தலில் எதிர்த்தரப்பினர் ஒரு வாளித் தண்ணீரைக் கொண்டுவந்து அவர் வாசலில் வைத்தார்களாம். இதுதான் எனக்குப் பிடித்த இடம். நன்றாக எழுத வந்தது.

அடுத்த பக்கத்தில் மாட்டிக்கொண்டேன். அடிமைமுறை கூடாது என்று மேடையில் பேசியவர், ஒருமுறை ஓடிப்போன ஓர் அடிமைப் பெண்ணைத் திருப்பிப் பிடித்துக்கொண்டு போக வந்த முதலாளிக்காக வாதாடியிருக்கிறார். ஜெயித்தும் இருக்கிறார். பேரன் புத்தகத்தில் ஒன்றரை வரி. 'தொழில் தர்மத்தின் பொருட்டு' என்று ஒரு சப்பைக்கட்டு. அந்தப் பெண்ணுக்குப் பெயர் இல்லை. பன்றிக்குட்டிக்கு நாலு பக்கம்.

பதிப்பக ஆசிரியருக்குப் போன்.

"அதை விட்டுடுங்களேன் சார். தமாஷ் புத்தகம்தானே."

"விட்டா பேரனும் நானும் ஒண்ணாயிடுவோமே."

"சரி, ஒரு வரி வச்சுக்குங்க. கடைசியில வாசகருக்கு ஒரு படிப்பினை வேணும், அதை மறக்காதீங்க."

ஒரு பக்கம் எழுதினேன். சிரிப்பு வராத பக்கம். பா.வுக்கு இதை வாசிக்கவில்லை. சோர்வு. மழை விட்டபாடில்லை.

நவ. 22, சனி

மனு பரிசீலனை. பா.வின் மனு ஏற்கப்பட்டது. திங்கள் மூன்று மணிவரை வாபஸ் வாங்கலாம்.

சசி சாயாக்கடை பெஞ்சில் துண்டால் துடைத்து எனக்கு இடம் போட்டார். அப்போதே எழுந்து போயிருக்க வேண்டும்.

"அண்ணாச்சி, ஒரு காரியம். பாக்கியேச்சி தங்கமான ஆளு. ஆனா ஜெயிக்க மாட்டாங்க. எங்க ஓட்டைப் பிரிச்சு எங்களையும் தோக்க வைப்பாங்க, அவ்வளவுதான். இந்தத் தடவை விலகட்டும். அடுத்த தடவை சீட்டு அவங்களுக்கு. ஷட்டரும் நாங்களே போட்டுத் தர்றோம்."

"அடுத்த தடவை வார்டு பெண்களுக்கு இருக்காதே சசி. சுழற்சி முறையில மாறிடுமே."

"அதெல்லாம் அப்ப பாக்கலாம். முருகேசன் காரியமும் இருக்கு. பதினொரு வருஷம் ஆச்சுல்ல பாவம்."

பழம்பொரி வந்தது. சுடச்சுட. வெளியே மழை. கால்புண்ணில் உப்பு எரிச்சல். வீட்டில் அரிசி டின்னை மறுபடி மேசை மேல் தூக்கி வைக்க வேண்டும். முருகேசன் மச்சான் உட்காராமல் நின்றது நினைவு வந்தது. இதில் எது காரணம் என்று சத்தியமாகத் தெரியவில்லை. தலையாட்டினேன்.

"அப்ப உறப்பிச்சோம், பேச்சு முடிஞ்சுது?" சசி கை நீட்டினார்.

"திங்கட்கிழமை மூணு மணிக்கு முன்னாடி கொடுத்துடுவோம்," என்று கை கொடுத்தேன். கொடுத்துடுவோம். 'வோம்'.

நம் ஆட்களில் பெண் பார்க்க வந்தால் பெண்ணின் மாமன்மார் சம்மதமென்று இப்படித்தான் வெற்றிலையை எடுத்துப் போட்டுவிட்டுப் பிறகு பெண்ணிடம் போய்ச் சொல்வார்கள். அவர்களைக் கிண்டலடித்து நானே இரண்டு கட்டுரை எழுதியிருக்கிறேன்.

வீட்டில் சொல்லவில்லை. நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம்.

நவ. 23, ஞாயிறு

வெயில். தண்ணீர் வடிந்துவிட்டது. தரையெல்லாம் சேறு, ஒரு ஒற்றைச் செருப்பு (நம்முடையது அல்ல), மூன்று குட்டி நண்டு.

பா. வாசல்படியில் கப்பைக் கிழங்கு தோலுரித்துக்கொண்டே, "உங்க துரைக்கு என்னாச்சு? ரெண்டு நாளா வாசிக்கல," என்றாள்.

அடுத்த அத்தியாயம் என்னவென்று எனக்குத் தெரியும். உடம்பு சரியில்லை என்றிருக்கலாம். வாசித்தேன்.

துரைக்கு நாற்பத்தைந்து வயது. தலைநகரத்து நாடாளுமன்றத்துக்குப் போக அவருக்கும் ஆசை, நண்பர் ஒருவருக்கும் ஆசை. இரண்டு பேரும் ஒரே கட்சி. நாவிதர் கடையில் பாதி முகம் சவரமாகி, பாதி முகம் நுரையோடு துரை உட்கார்ந்திருக்க, நண்பர் வந்து, "முதலில் நான், அடுத்த தடவை நீ," என்கிறார். துரை நுரையோடு கை குலுக்குகிறார். சாட்சி நாவிதர். நண்பர் போனார். அடுத்த தடவையும் அவரே போனார். அதற்கடுத்த நாலு தடவையும். துரையின் முறை வந்தபோது வயது ஐம்பத்தேழு. ஒரே தவணை. நாற்பது நிமிஷம் ஒரு பேச்சு. பத்திரிகையில் 'இன்னாரும் பேசினார்' என்று ஒரு வரி. பிறகு தோல்வி, ஊர், பழையபடி வேலித்தகராறு வழக்குகள்.

பேரன் புத்தகத்தில் பாட்டி இரண்டே இடத்தில். ஒன்று கல்யாணம். இன்னொன்று இந்த இடத்தில், ஓரத்தில் சின்ன எழுத்தில் அவள் எழுதிய ஒரு கடிதம். பசு கன்று போட்டது. கூரை ஒழுகுகிறது. கடைசி வரி: 'இடத்தை நண்பருக்கு விட்டுக்கொடுத்ததாகத் தபால்காரர் சொன்னார். நீலத் துணியை நான் வெட்டுவதற்கு முன்னால் சொல்லியிருக்கலாம்.'

கத்தி நின்றது.

"எதுக்கு வெட்டினா?"

"தலைநகரத்துக்குப் போறப்ப உடுத்திக்க."

"அவகிட்ட கேட்டானா?"

"புத்தகத்தில அதைப் பத்தி ஒண்ணும் இல்ல."

"அப்ப கேக்கல." மறுபடி தோலுரித்தாள். "அந்தத் துணிய என்ன பண்ணாளோ."

அதுவும் புத்தகத்தில் இல்லை. இந்த இடத்தில் நான் சொல்லியிருக்க வேண்டும். வாயைத் திறந்தால் ஒரு தமாஷ்தான் வரும் என்று தோன்றியதால் மூடிக்கொண்டேன்.

பதினொரு மணிக்கு முருகேசன் மச்சான். கும்பளங்கியிலிருந்து கரிமீன், வாழையிலையில் சுற்றி. இந்தத் தடவை உட்கார்ந்தார்.

"பாக்கியம், எனக்காக நீ இதைப் பண்ணுவேன்னு நான் நினைக்கல." கண் கலங்கியிருந்தது. மனுஷன் அழுது நான் பார்த்ததே இல்லை. "சசி சொன்னான். நாளைக்கு மூணு மணிக்குள்ள கொடுத்துடறோம்னு மாப்ள கை கொடுத்துட்டாராமே."

பா. என்னைப் பார்த்தாள். ரொம்ப நேரம் இல்லை. ஒரு பார்வை, பிறகு இலையைப் பிரித்தாள்.

"சாப்பிட்டுட்டுப் போண்ணே."

மீன் பொரித்தாள். அண்ணனுக்கு இரண்டு, எனக்கு இரண்டு. எனக்கு ஒன்று வைத்திருந்தால் தேவலாம் போலிருந்தது. முள் தொண்டையில் மாட்டவில்லை. மாட்டியிருக்கலாம்.

நவ. 24, திங்கள்

மேகம். மழை இல்லை.

காலையிலிருந்து பா. என்னிடம் பேசியவை, வரிசைப்படி: "சாவி." "குடை." "கறிவேப்பிலை."

கடைக்கு வந்து துரையை முடித்தேன். அறுபத்தெட்டில் இறந்துபோனார். ஏதோ ஓர் ஊர்ச் சத்திரத்தில், மறுநாள் வேலித்தகராறு ஒன்றில் வாதாட வேண்டிய நிலையில். காலையில் பார்த்தது அதே கட்டிலில் படுத்திருந்த எதிர்த்தரப்பு வக்கீல். நீதிமன்றத்தில் தன் கட்சிக்காரருக்காகவும் பேசி, பிறகு திரும்பி நின்று துரையின் கட்சிக்காரருக்காகவும் பேசினாராம். பன்றிக்குட்டி, வாளித் தண்ணீர் எல்லாவற்றையும்விட இதை எழுதும்போது எனக்குத் துரை மேல் பிரியம் வந்தது. பிரியம் வந்த நேரம் சரியில்லை.

பன்னிரண்டரைக்கு பா. கடை வாசலில்.

"அந்த வாபஸ் படிவம் இருக்கா?"

பிரிண்ட் எடுத்துக் கொடுத்தேன். காகிதம் சுடச்சுட. மலையாளம், அதனால் அவளே வாசித்தாள், விரல் வைத்து, கடைசி வரிவரை.

"இதை யாரு கொடுக்கணும்?"

"வேட்பாளரே. இல்லன்னா வேட்பாளர் எழுதிக் கொடுத்த அதிகாரத்தோட முன்மொழிஞ்ச ஆள்."

"நான் எழுதிக் கொடுத்திருக்கேனா?"

"இல்ல."

"அப்ப எதைக் கொடுக்கறேன்னு சொன்னீங்க?"

இந்தக் கடையில் எந்தப் படிவத்தில் எந்தக் கட்டத்துக்கு என்ன பதில் என்று எனக்கு மனப்பாடம். பிரிண்டரில் காகிதத்தை மறுபடி அடுக்கினேன்.

"மச்சானை நினைச்சு..."

"எங்க அண்ணன் குப்பை வண்டி தள்றது எனக்குத் தெரியாதா? நேத்து அவரு கண்ணு கலங்கினதுலேர்ந்து எனக்குச் சோறு இறங்கல. நீங்க என்கிட்ட கேட்டிருந்தா ஒருவேளை நானே விலகியிருப்பேன். அதான் வயிறு எரியுது. இப்ப விலகினா நீங்க சொன்னதுக்கு நான் கையெழுத்து போட்ட மாதிரி ஆயிடும். பதினாறு பேரு வெயில்ல என்கூட வந்தாங்க. அவங்க முகத்தை நான் எப்படிப் பாக்கறது?"

படிவத்தை நாலாக மடித்துப் பையில் வைத்தாள். கிழிக்கவில்லை. பா. காகிதத்தை வீணாக்க மாட்டாள், பின்பக்கம் பட்டியல் எழுத ஆகும்.

"சசிகிட்ட போய்ச் சொல்லுங்க. நீங்க கொடுத்த வாக்கு, நீங்களே போய்த் திரும்பி வாங்கிட்டு வாங்க. தமாஷ் பண்ணாம."

தேர்தல் அதிகாரியின் ஆபீஸ் வராந்தா. இரண்டு இருபது. சசி, அவர் ஆட்கள் அஞ்சாறு பேர், சுவரில் கடிகாரம். என்னைக் கண்டதும் சசி எழுந்து, "வா அண்ணாச்சி, பேப்பர் எங்க?" என்றார்.

"பேப்பர் இல்ல சசி. பாக்கியம் விலகல. அவகிட்ட கேக்காம நான் சொல்லிட்டேன். என் தப்பு."

"தமாஷா?"

"இல்ல."

நான் தமாஷ் சொன்னால் நிஜமா என்று கேட்பார்கள். இது புதிது.

சசி கத்தவில்லை. கத்தியிருந்தால் பதில் சொல்லியிருப்பேன். கடிகாரத்தைப் பார்த்தார். "கை கொடுத்த ஆளாச்சேன்னு அண்ணிகிட்டகூடச் சொல்லிட்டேன். இனி முருகேசன் காரியம்னு என்கிட்ட யாரும் வரக் கூடாது."

"மச்சானுக்கு இதுல சம்பந்தம் இல்ல சசி. கை கொடுத்தது நான்."

"ஆயிக்கோட்டே, அப்படியே இருக்கட்டும்," என்று திரும்பிக்கொண்டார்.

மூன்று மணிவரை அங்கேயே நின்றேன். போகலாம், ஆனால் போகத் தோன்றவில்லை. மூன்றானதும் உள்ளே யாரோ கதவைச் சாத்தினார்கள். நடந்தே வீட்டுக்கு. பா. கேட்கவில்லை, நான் சொன்னேன். "ம்," என்றாள். நல்ல 'ம்'-மா கெட்ட 'ம்'-மா தெரியவில்லை.

முருகேசன் மச்சானுக்கு அவள் ஆறு தடவை போன் செய்தாள். எடுக்கவில்லை.

நவ. 25, செவ்வாய்

அதிகாலையிலிருந்து சாரல். தண்ணீர் ஏறவில்லை.

சின்னம் நேற்றிரவே முடிவாகிவிட்டது. கேட்டது குடை. கிடைத்தது அலமாரி. என்ன சொல்வது என்று நான் முழித்துக்கொண்டிருக்க, பா. சொன்னாள், "நல்லதுதான். தண்ணி வந்தா சாமானை மேல வைக்கலாம்."

மூன்று நாளில் இந்த வீட்டில் முதல் தமாஷ். என்னுடையது அல்ல. சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை, ஆனால் சாயாவில் எனக்குச் சர்க்கரை போட்டிருந்தாள்.

ஆறரைக்கே பதிப்பக ஆசிரியர் போன். "படிப்பினை எழுதிட்டீங்களா சார்?"

"இல்ல. கடிதத்தோட புத்தகம் முடியுது. அந்த அம்மா எழுதின கடிதத்தோட."

"அது நடுவுல வர்ற விஷயமாச்சே?"

"கடைசிக்கு மாத்திட்டேன்."

யோசித்துச் சொல்கிறேன் என்றார். யோசிக்கட்டும்.

முருகேசன் மச்சான் இன்னும் போன் எடுக்கவில்லை. இன்று வேலைக்கு அழைத்தார்களா இல்லையா, தெரியவில்லை. அவர் பக்கத்து வீட்டம்மாவுக்குப் போன் செய்ததில், அவர் வாசலில் சைக்கிள் நிற்கிறது என்றாள். காலை ஏழு மணிக்குச் சைக்கிள் வாசலில் நின்றால் அது நல்ல செய்தி இல்லை.

பா. வார்டு வீடுகளை எழுதி வைத்திருக்கிறாள். ஓட்டுக் கேட்க இன்று கிளம்ப வேண்டும். பதினாறு பேரும் முக்கில் நிற்கிறார்கள்.

"முதல்ல யார் வீடு?" என்றேன்.

"எங்க அண்ணன் வீடு."

"கதவு திறக்க மாட்டாரு, பாக்கியம்."

"திறக்கறவரைக்கும் நிப்போம்."

"பதினாறு பேருமா?"

"அவங்க முக்குலயே நிக்கட்டும். நீங்களும் நானும்." செருப்பை மாட்டினாள். "நீங்க பேசக் கூடாது. நான் பேசி முடிச்சப்புறம், அவரு கேட்டா மட்டும், நீங்க சசிகிட்ட சொன்னதை அப்படியே சொல்லுங்க. என் தப்புன்னு சொன்னீங்கல்ல, அதை."

ஏழு பத்து. இறங்கிவிட்டாள். நான் இன்னும் எழுதிக்கொண்டிருக்கிறேன். பேனாவை மூடிவிட்டுப் பின்னால் போகிறேன்.